நாலு நாளில் காடும் ஏரியும்: சுமத்ராவா, சரவாக்கா?

அக்கா எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு விளம்பரப் படத்தைப் போட்டு, "இது எப்படிடா?" என்று மட்டும் கேட்டிருந்தாள். படத்தின் ஒரு பாதியில் கிளையில் தொங்கும் ஓராங் ஊத்தான். மறுபாதியில் இரு முனையும் வானத்தைப் பார்க்கும் கூரையோடு ஒரு மர வீடு, பின்னால் நீல ஏரி. இந்தோனேசியாவின் சுமத்ரா தீவில் மழைக்காடு, தோபா ஏரி, 4 நாள் 3 இரவு, வழிகாட்டியோடு. அதே வாரம் அலுவலகத்தில் பக்கத்து மேசை நண்பரும் இதையே கேட்டார். அவர் நாகூர்க்காரர், இந்தியக் கடப்பிதழ். மனைவியோடும் எட்டு வயது மகனோடும் போக நினைக்கிறார். அக்காவோடு மாமா, இரண்டு பிள்ளைகள், அப்புறம் எங்கள் அம்மா. அம்மாவுக்கு எழுபது தாண்டிவிட்டது. முட்டி வலி உண்டு, செவ்வாயும் வெள்ளியும் சைவம்.

அந்தப் படத்தில் இருக்கும் அதே பயணத்தை இரண்டு வருடம் முன் நான் போய்வந்தேன். இருவருக்கும் ஒரே பதிலைச் சொல்லி முடித்துவிடலாம் என்றுதான் உட்கார்ந்தேன். கணக்குப் போட்டுப் பார்த்தால் இருவருக்கும் வேறுவேறு பதில் வந்தது.

முதலில் அந்தக் கணக்கு. விளம்பரத்தில் காடும் ஏரியும் ஒட்டிக்கொண்டு இருக்கின்றன, தரையில் அப்படி இல்லை. சிங்கப்பூரிலிருந்து வட சுமத்ராவின் மேடான் நகரத்துக்கு ஒன்றரை மணி நேரத்தில் பறந்துவிடலாம். ஆனால் குவாலாநாமு விமான நிலையம் நகரத்துக்குக் கிழக்கே இருக்கிறது. ஓராங் ஊத்தான் பார்க்கிற புக்கிட் லாவாங் நகரத்துக்கு வடமேற்கே ஏறக்குறைய 90 கிலோமீட்டர். தோபா தெற்கே. முதல் நாள் காட்டுக்குப் போக நாலு மணி நேரம். மூன்றாம் நாள் காட்டிலிருந்து ஏரிக்கு, வழியில் பிராஸ்தாகியில் சாப்பாடும் சிப்பிசோ-பிசோ அருவியில் படம் எடுப்பதும் சேர்த்து, ஒன்பது மணி நேரத்துக்குக் குறையாது. கடைசி நாள் ஏரியிலிருந்து விமான நிலையத்துக்கு நாலைந்து மணி. சுங்கச் சாலை வந்த பிறகு இந்தக் கடைசிப் பகுதி கொஞ்சம் சுருங்கியிருக்கிறது. எல்லாம் சேர்ந்து பதினேழு, பதினெட்டு மணி நேரம் வண்டிக்குள். நாலு நாள் பயணத்தில் விழித்திருக்கும் நேரத்தில் மூன்றில் ஒரு பங்கு அது.

நாங்கள் போனபோது மூன்றாம் நாள் வழியில் ஒரு லாரி கவிழ்ந்து கிடந்தது. பாராபாட் படகுத்துறைக்குப் போய்ச் சேர்ந்தபோது ஏரி நடுவில் இருக்கும் சமோசிர் தீவுக்குப் போகும் கடைசிப் படகு கிளம்பிவிட்டது. ஏற்பாடு செய்த நிறுவனம் அந்த இரவுக்குக் கரையிலேயே ஒரு விடுதியைப் பிடித்துக் கொடுத்தது. மறுநாள் காலை சமோசிர் தீவில் சரியாக இரண்டு மணி நேரம் நின்றோம். அதில் அரை மணி நேரம் கடைத்தெரு. "லேக்ஸைட் கல்ச்சர்" என்று பயணத் திட்டத்தில் அச்சடித்திருந்தது அவ்வளவுதான். நிறுவனத்தைக் குறை சொல்லிப் பயனில்லை. நாலு நாளில் இதற்கு மேல் யாராலும் அடைக்க முடியாது.

இருந்தும் அந்த இரண்டு மணி நேரத்துக்காகவே மறுபடி போக வேண்டும் என்று தோன்றுகிறது. தோபாவை வெறும் ஏரி என்று நினைக்க வேண்டாம். சுமார் 74,000 ஆண்டுகளுக்கு முன் வெடித்த ஒரு மாபெரும் எரிமலையின் வாய் அது. அந்தச் சாம்பல் ஆந்திராவின் ஜ்வாலாபுரம் வரை படிந்திருக்கிறது. ஏரியின் பரப்பு ஏறக்குறைய 1,130 சதுர கிலோமீட்டர், அதாவது முழு சிங்கப்பூரையும் உள்ளே போட்டாலும் இடம் மிச்சம் இருக்கும். ஆழம் 505 மீட்டர். புக்கிட் தீமா குன்றை மூன்று அடுக்காக வைத்தாலும் உச்சி வெளியே தெரியாது. கடல் மட்டத்திலிருந்து 900 மீட்டர் உயரம் என்பதால் சாயங்காலம் ஒரு சுவெட்டர் வேண்டும்.

ஏரியை விடத் தமிழர்களை அங்கே அசத்துவது அதைச் சுற்றி வாழும் பாத்தாக் மக்களின் உறவுமுறை. எங்கள் வழிகாட்டி ஒரு பாத்தாக் இளைஞர். அவர்கள் வாழ்க்கைமுறைக்கு 'டாலிஹான் நா தொலு' என்று பெயர். மூன்று அடுப்புக்கல் என்று பொருள். பெண் கொடுத்த வீடு ஒரு கல், பெண் எடுத்த வீடு ஒரு கல், பங்காளிகள் ஒரு கல். ஒன்று சாய்ந்தாலும் பானை நிற்காது. தாய்மாமனுக்கு 'துலாங்' என்று பெயர், அவருக்குத்தான் முதல் மரியாதை. மாமன் மகள் 'பாரிபான்', கட்டிக்கொள்ள முறையான பெண். ஒரே குலத்துக்குள் கல்யாணம் கிடையாது. இதையெல்லாம் அவர் ஏதோ விநோதமான விஷயம்போல எங்களுக்கு விளக்கிக்கொண்டு வந்தார். நாங்கள் வேனுக்குள் ஒருவரை ஒருவர் பார்த்துச் சிரித்துக்கொண்டோம். "எங்கள் ஊரிலும் தாய்மாமன் சீர் இல்லாமல் காதுகுத்து நடக்காது" என்று சொன்னதும் மனிதருக்கு ஒரே சந்தோஷம். அதற்குப் பிறகு கடைத்தெருவில் பேரம் பேசியதெல்லாம் அவர்தான்.

வழியில் இருக்கும் பிராஸ்தாகி, காரோ மக்களின் ஊர். அவர்களில் செம்பிரிங் குலத்தின் உட்பிரிவுப் பெயர்களைக் கேளுங்கள்: சோலியா, பாண்டியா, பெலாவி, மெலியாலா. சோழ, பாண்டிய, பல்லவ, மலையாள என்பதன் எதிரொலி இது என்று ஆய்வாளர்கள் எழுதியிருக்கிறார்கள். கற்பனை என்று தள்ளிவிடவும் முடியாது. சுமத்ராவின் மேற்குக் கரையில், கற்பூரத்துக்குப் பேர்போன பாருஸ் அருகே லோபு துவாவில், 1088-ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு கிடைத்திருக்கிறது. பொறித்தவர்கள் ஐந்நூற்றுவர் வணிகக் குழுவினர். பாருஸ் இந்தப் பயணத்தில் வராது, ரொம்ப தூரம். ஆனால் பிராஸ்தாகியில் சந்தைக்குப் போகும்போது இது தெரிந்திருந்தால் பழம் விற்கும் அம்மாவின் முகத்தைக் கொஞ்சம் உற்றுப் பார்ப்போம்.

சமோசிரில் ஒரு முழு நாள் இருந்தால் பார்க்க வேண்டியவை மூன்று. அம்பாரிட்டாவில் அரசர் வழக்கு விசாரித்த கல் நாற்காலிகள். தொமோக்கில் சிடாபுத்தார் அரசர்களின் கல்லறைகளும், இறந்துபோன இளவரசனுக்காகச் செய்ததாகச் சொல்லும் சிகாலே-காலே மரப் பொம்மையின் ஆட்டமும். சிமானிண்டோவில் அருங்காட்சியகமாக மாற்றிய பழைய கிராமம், அங்கே காலையில் தொர்-தொர் நடனம். நாங்கள் பார்த்தது நடுவில் இருப்பதை மட்டும்.

இனி காடு. புக்கிட் லாவாங், குனுங் லெவுசர் தேசியப் பூங்காவின் வாசலில், போஹோரோக் ஆற்றங்கரையில் இருக்கிறது. ஓராங் ஊத்தான்களை மறுபடி காட்டுக்குப் பழக்கும் நிலையம் ஒன்று 1973-ல் அங்கே தொடங்கியது. வீடுகளிலும் கூண்டுகளிலும் வளர்ந்து மீட்கப்பட்டவற்றின் சந்ததிதான் இன்று நாம் பார்ப்பவற்றில் பல. அதனால்தான் ஒரு நாள் நடையிலேயே அநேகமாகப் பார்த்துவிடலாம். சிங்கப்பூர் விலங்குத் தோட்டத்து ஆ மெங்கும் இதே சுமத்ரா இனம்தான். பிள்ளைகளிடம் அவளுடைய சொந்தக்காரர்களைப் பார்க்கப் போகிறோம் என்று சொன்னால் போதும். அவற்றோடு வெள்ளைக்கை கிப்பன், தலையில் கொண்டை வைத்த தாமஸ் இலைக் குரங்கு எல்லாம் உண்டு. புலியும் யானையும் காண்டாமிருகமும் அந்தப் பூங்காவில் வாழ்கின்றன, ஆனால் சுற்றுலாப் பயணி கண்ணில் படாது. விளம்பரத்தில் புலி படம் போட்டிருந்தால் அந்த விளம்பரத்தை மூடிவிடலாம்.

இங்கே எனக்கு ஒரு மனக்குறை உண்டு. உரிமம் பெற்ற வழிகாட்டி இல்லாமல் காட்டுக்குள் போக முடியாது. பத்து மீட்டர் தள்ளி நிற்க வேண்டும், தீனி போடக் கூடாது என்பதும் விதி. நம்முடைய சளியும் காய்ச்சலும் அவற்றுக்கு ஒட்டிக்கொள்ளும் என்பதற்காக. ஆனால் பழத்தைக் காட்டி ஓராங் ஊத்தானைக் கிட்டே வரவழைக்கும் வழிகாட்டிகளும் இருக்கிறார்கள், அதைக் கேட்டு வாங்கும் பயணிகளும் இருக்கிறார்கள். பதிவு செய்யும்போதே "தீனி போடுவீர்களா?" என்று கேளுங்கள். "கவலைப்படாதீர்கள், ரொம்பக் கிட்டே காட்டுவோம்" என்று பதில் வந்தால் வேறு ஆளைத் தேடுங்கள்.

நடை சுலபம் இல்லை. ரப்பர் தோட்டத்தைத் தாண்டியதும் வேரைப் பிடித்து ஏறுவதும் சேற்றில் வழுக்கி இறங்குவதும்தான். அட்டை கடிக்கும். திரும்பும்போது பெரிய டயர் டியூப்களைக் கட்டி ஆற்றில் மிதந்து வருவது பிள்ளைகளுக்குக் கொண்டாட்டம். மெக்ரிட்சி மரவுச்சி நடைபாதையைச் சுற்றி வருகிற தெம்பு இருந்தால் அரை நாள் நடை போதும் என்று நினைக்கலாம், ஆனால் மெக்ரிட்சியில் படிக்கட்டு இருக்கிறது. அம்மாவால் இது முடியாது. ஆற்றங்கரை விடுதித் திண்ணையில் உட்கார்ந்திருந்தாலே குரங்குகள் கூரைமேல் வந்துபோகும் என்பது ஒரு ஆறுதல். மழை நாட்களில் ஆற்றை மதிக்க வேண்டும். 2003 நவம்பரில் வந்த வெள்ளம் இந்த ஊரில் இருநூறுக்கும் மேற்பட்டவர்களை அடித்துக்கொண்டு போனது.

சரி, போர்னியோ தீவில் இருக்கும் மலேசிய மாநிலமான சரவாக். அதன் தலைநகர் கூச்சிங்குக்கும் அதே ஒன்றரை மணி நேரப் பறப்புதான். அங்கேயும் காடும் ஏரியும் சேர்ந்த பயணம் விற்கிறார்கள்: கூச்சிங்கிலிருந்து அரை மணித் தூரத்தில் செமெங்கோ வனவிலங்கு நிலையத்தில் ஓராங் ஊத்தான், பிறகு நாலைந்து மணி நேரம் ஓட்டிப் போய்ப் பத்தாங் ஆய் ஏரியில் படகு, ஒரே கூரையின்கீழ் பல குடும்பங்கள் வாழும் இபான் பழங்குடியினரின் நீண்ட வீட்டில் விருந்து.

செமெங்கோ அம்மாவுக்கு ஏற்ற இடம். தீனி நேரத்தில், காலையும் பிற்பகலும், போய் நின்றால் தானாக வந்து கயிற்றில் தொங்கும். சேறு இல்லை, ஏற்றம் இல்லை. ஆனால் நவம்பர் முதல் மார்ச் வரை காட்டில் பழம் பழுக்கும் காலம். வயிறு நிறைந்த ஓராங் ஊத்தான் நம்மைப் பார்க்க ஏன் வரும்? டிசம்பர் பள்ளி விடுமுறையில் போய் ஏமாந்து திரும்பிய குடும்பங்கள் எனக்குத் தெரிந்தே உண்டு. அந்த மாதங்களில் கூச்சிங்கில் மழையும் அதிகம். இன்னொரு நாள் பாக்கோ தேசியப் பூங்கா. படகில் போய் இறங்கினால் தொங்கு மூக்குக் குரங்குகளைப் பார்க்கலாம். உலகத்தில் போர்னியோ தீவைத் தவிர வேறெங்கும் இல்லாத குரங்கு அது.

பத்தாங் ஆய் விஷயத்தில் நான் கொஞ்சம் பிடிவாதக்காரன். அழகான ஏரிதான். ஆனால் அது 1985-ல் முடிந்த நீர்மின் அணையால் உண்டானது. இபான் மக்கள் ஆற்றங்கரை மக்கள். அவர்களுடைய பல நீண்ட வீடுகள் அந்த நீருக்கு அடியில் போயின, குடும்பங்கள் இடம் பெயர்ந்தன. அதை ஏரிக்கரைப் பண்பாடு என்று விற்பது எனக்கு உறுத்துகிறது. நீண்ட வீட்டில் ஒரு இரவு தங்குவது மட்டும் நல்ல அனுபவம்தான்: எல்லாக் குடும்பத்துக்கும் பொதுவான 'ருவாய்' என்கிற நீளத் திண்ணை, புவா கும்பு நெசவு, ங்காஜாட் ஆட்டம், கையில் திணிக்கும் துவாக் அரிசி மது. ஜூன் 1, 2 காவாய் அறுவடைப் பண்டிகை, நம்முடைய ஜூன் விடுமுறையில்தான் வருகிறது. வீட்டுக்கு வீடு திறந்திருக்கும். ஆனால் படகில் ஏறி இறங்கி, செங்குத்தான மரப்படியில் ஏற வேண்டும். அம்மாவின் முட்டி அங்கேயும் குறுக்கே நிற்கும்.

பேராக்கில் தெமெங்கோர் ஏரி, ரோயல் பெலும் காடு என்று ஒரு மூன்றாவது பெயரை மாமா சொன்னார். சொந்தக் காரில் போகலாம், மலேசியாவின் பத்து வகை இருவாச்சிகளும் அங்கே உண்டு, ஓராங் அஸ்லி பழங்குடிக் கிராமங்கள் உண்டு. ஓராங் ஊத்தான் கிடையாது. தாய்லாந்து எல்லை வரை ஓட்ட வேண்டும், விடுமுறைத் தொடக்கத்தில் உட்லண்ட்ஸ் சோதனைச் சாவடி வரிசையும் சேரும். பறவை பார்க்கும் பைத்தியம் இருந்தால் மட்டும்.

சாப்பாடு முக்கியம், இரு குடும்பத்துக்கும் வேறு வேறு காரணத்துக்காக. புக்கிட் லாவாங் பெரும்பாலும் முஸ்லிம் ஊர், நண்பருக்கு அங்கே கவலையே இல்லை. பாத்தாக் மக்கள் 1860களிலிருந்து ஜெர்மன் மதபோதகர் நோமென்சென் வழியாகக் கிறிஸ்தவர்கள் ஆனவர்கள், சமோசிரில் பன்றி இறைச்சிதான் விருந்து. சில கடைப் பலகைகளில் 'பி1', 'பி2' என்று இருக்கும். பி2 என்றால் பன்றி, பி1 என்றால் நாய். பாராபாட்டில் ஹலால் கடைகள் கிடைக்கும், தீவில் தேட வேண்டும். இபான் நீண்ட வீட்டு விருந்திலும் இதே சிக்கல். சைவத்துக்கு தெம்பே, தாவ்ஹூ, காடோ-காடோ உண்டு. ஆனால் சம்பாலில் பெலாச்சான் என்கிற இறால் விழுது ஒளிந்திருக்கும், அதைக் கேட்டுக்கொள்ள வேண்டும். அம்மாவுக்குப் பழைய கம்பத்துச் சந்தை மலாய் நன்றாக வரும். வழிகாட்டியை விட அவரே தெளிவாகக் கேட்டுவிடுவார்.

கடப்பிதழ் விஷயம்: சிங்கப்பூர்க் கடப்பிதழுக்கு இரண்டு இடத்திலும் விசா தேவையில்லை. இந்தியக் கடப்பிதழுக்கு மேடானில் இறங்கியதும் ஆளுக்கு 5 லட்சம் ரூப்பியா கட்டி விசா எடுக்க வேண்டும். மலேசியா 2023 டிசம்பரிலிருந்து இந்தியர்களை விசா இல்லாமல் விடுகிறது. சரவாக்குக்குத் தனிக் குடிநுழைவு உண்டு என்பதால் கோலாலம்பூர் வழியாகப் போனாலும் கூச்சிங்கில் மறுபடி வரிசையில் நிற்க வேண்டும்.

அப்புறம், முழுப் பேக்கேஜா, வண்டியையும் வழிகாட்டியையும் தனித்தனியாகப் பிடிப்பதா? பேக்கேஜ் விலை தலைக்கு இவ்வளவு என்று இருக்கும். வண்டி வாடகை வண்டிக்கு இவ்வளவு. இருவர் போனால் பேக்கேஜ் மலிவு, அக்கா குடும்பம்போல ஐந்து பேர் என்றால் ஓட்டுநரோடு ஒரு வேன் எடுப்பதுதான் லாபம். அதைவிடப் பெரிய லாபம், அம்மா கழிப்பறைக்கு நிறுத்தச் சொல்லும்போது முன்பின் தெரியாத பன்னிரண்டு பேர் கடிகாரத்தைப் பார்க்க மாட்டார்கள். ஆனால் பேக்கேஜில் நமக்காக யோசிக்க ஒருவர் இருப்பார். லாரி கவிழ்ந்த அன்று எங்களுக்கு விடுதி பிடிக்க அலைய வேண்டியிருக்கவில்லை. அதை மறைக்கக் கூடாது. காட்டு நடைக்கு மட்டும் எப்படியானாலும் உள்ளூர் வழிகாட்டியே வேண்டும், அனுமதிச் சீட்டையும் அவரே எடுத்துவிடுவார்.

நண்பருக்கு நாலு நாளுக்கு மேல் விடுப்புக் கிடையாது. அவருக்கு நான் சொன்னது: தோபாவை வெட்டிவிடுங்கள். புக்கிட் லாவாங்கில் இரண்டு இரவு, மேடானில் ஒரு இரவு. மொத்தம் எட்டு மணி நேரத்துக்குள் சாலைப் பயணம் முடிந்துவிடும். மகன் ஒரு முழு நாள் காட்டில் இருப்பான். மேடானில் 1909-ல் கட்டிய பெரிய பள்ளிவாசல் இருக்கிறது. புகையிலைத் தோட்டக் காலத்தில் வந்த தமிழர்கள் வாழ்ந்த கம்போங் மெட்ராஸும் அங்கே 1884-ல் எழுந்த மாரியம்மன் கோவிலும் பார்க்கலாம். ஏரி இல்லையே என்று முதலில் முகம் சுருங்கியது. பதினெட்டு மணி நேரக் கணக்கைக் காட்டியதும் சரி என்றார். மார்ச் பள்ளி விடுமுறைக்குச் சீட்டுப் போட்டுவிட்டார். செப்டம்பர் வேண்டாம் என்று நான்தான் சொன்னேன், புகைமூட்டக் காலம்.

அக்காவிடம் இரண்டு வழி சொன்னேன். நாலு நாள்தான் என்றால் கூச்சிங்: செமெங்கோ, பாக்கோ, ஏரி வேண்டாம், அம்மாவுக்கு எல்லாமே கிட்ட. ஆறு நாள் கிடைத்தால் சுமத்ரா: லாவாங்கில் இரண்டு இரவு, பிராஸ்தாகியில் ஒன்று, சமோசிரில் இரண்டு. அந்த ஒன்பது மணி நேரச் சாலை பிராஸ்தாகியில் இரண்டாக உடைந்துவிடும். எங்கள் பயணத்தில் இல்லாமல்போனது அந்த ஒரு இரவுதான். கடைசி நாள் மட்டும் படகு, வண்டி, விமானம் மூன்றும் வரிசையாக வரும், மாலை விமானமாகப் பார்த்து எடுக்கச் சொன்னேன்.

மாமா ஜூனில் ஒரு வாரம் விடுப்புக் கேட்டிருக்கிறார். முடிவைச் சொன்னது அம்மாதான். தாய்மாமன் கதையை நான் சொன்னதிலிருந்து அவர் வேறு ஊரைப் பற்றிப் பேச்சே எடுக்கவில்லை. அக்கா இப்போது வேன்காரர்களிடம் விலை கேட்டுக்கொண்டிருக்கிறாள். கேட்க வேண்டிய கேள்விகளை எழுதி அனுப்பியிருக்கிறேன்: எரிபொருளும் சுங்கமும் வாடகைக்குள் அடங்குமா, ஓட்டுநர் தங்கும் செலவு யாருடையது, தீவுக்குப் போகும் படகில் ஆளுக்கு ஒரு உயிர்காப்புச் சட்டை இருக்குமா. 2018 ஜூனில் அந்த ஏரியில் அளவுக்கு மேல் ஆள் ஏற்றிய சினார் பாங்குன் படகு மூழ்கி நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் காணாமல் போனார்கள். அதனால் கடைசிக் கேள்விக்குத் தெளிவான பதில் வரும்வரை முன்பணம் கட்டாதே என்று அடிக்கோடு போட்டிருக்கிறேன்.